டீ மிதி

பாட்டின் நட்டநடுவில் ஒன்பது விநாடி நீளத்துக்கு ஒரு ஓட்டை இருக்கிறது என்பது செவ்வாய்க்கிழமை காலை பத்தரை மணிக்குத்தான் தெரியவந்தது. அதற்குள் காமிரா ஓட ஆரம்பித்திருந்தது.

லண்டனுக்கு மேற்கே ஒரு படப்பிடிப்புத் தளத்தில் சலவைச்சாலை போட்டிருந்தார்கள். நிஜக் கொப்பரை, நிஜ நீராவி, கொடியில் நாற்பது படுக்கை விரிப்புகள். நடுவில் நோரீன் பேக்ஹவுஸ் தனியாக நின்றாள். ஒலிபெருக்கியில் அவள் குரல் பாட, அவள் வாயசைத்தாள். கிதார் அலறியது, டிரம்ஸ் இடித்தது. நோரீன் காலைத் தூக்கித் தரையை மிதித்தாள். தொம், தொம், தொம்தொம். அவ்வளவுதான், ஒலிபெருக்கி வாயை மூடிக்கொண்டது. ஒன்று, இரண்டு, மூன்று என்று ஒன்பது வரை எண்ணலாம். பிறகு ஒன்றுமே நடக்காதது மாதிரி பாட்டு பாதியிலிருந்து கிளம்பிப் போனது.

"கட்," என்றார் இயக்குநர் லயனல் பார்ஜிட்டர். "சிரில், மெஷின் நின்னுபோச்சா?"

ஒலிப்பதிவாளர் சிரில் ஹெட்ஃபோனைக் கழற்றினார். "நிக்கல சார். பாட்டே அப்படித்தான் இருக்கு."

"எப்படித்தான்?"

"நடுவுல ஒண்ணும் இல்லாம."

எல்லாரும் நோரீனைப் பார்த்தார்கள். அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. காது மடல்வரை சிவந்துபோனாள்.

"மன்னிச்சுக்குங்க லயனல்," என்றாள். "பதிவு பண்றப்ப நாங்க காத்துக்கிட்டு இருந்துட்டோம்."

"யாருக்கு?"

"ஜனங்களுக்கு."

இதைக் கேட்டால் பைத்தியக்காரத்தனமாகத்தான் இருக்கும். ஆனால் அறுநூற்றுப் பதினேழு முறை ஒரே நாடகத்தை ஆடியவர்களுக்கு இது புரியும். 'கஞ்சியும் கலகமும்' லண்டனில் இரண்டு வருஷம் ஓடிய ராக் இசைநாடகம். சலவைக்காரப் பெண்கள் வேலைநிறுத்தம் செய்யும் கதை. அதில் நோரீனுக்கு ஒரே ஒரு பாட்டு. தோழிகள் எல்லாரும் பயந்து வீட்டுக்குப் போய்விட, கொப்பரைக்குப் பக்கத்தில் தனியாக நின்று அவர்களைக் கூப்பிடுவாள். ஒரே பாட்டுதான் என்றாலும், அதைக் கேட்கவே இரண்டாம் தடவை டிக்கெட் எடுத்தவர்கள் உண்டு.

நாடகம் தொடங்கிய முதல் மாதத்திலேயே ஒருநாள் பாட்டின் நடுவில் ஒலிவாங்கி செத்துப்போனது. வாத்தியக்காரர்கள் திருதிருவென்று விழித்தார்கள். ஆயிரம் பேருக்கு முன்னால் என்ன செய்வதென்று நோரீனின் மூளைக்குத் தெரியவில்லை, காலுக்குத் தெரிந்திருந்தது. தொம், தொம், தொம்தொம் என்று மிதித்தது. அது டீ மிதி.

டீ மிதியை அவள் எங்கோ பள்ளிக்கூடத்தில் படித்துவிட்டு வரவில்லை. மீன்பிடித் துறைமுகமான ஹல் நகரத்தில், ஹெஸ்ல் சாலையில் இருந்த ஸ்னோடிராப் சலவைச்சாலையில், பதினைந்து வயதிலிருந்து பத்தொன்பது வயதுவரை அம்மா ஈடிக்குப் பக்கத்தில் நின்று விரிப்பு பிழிந்தவள் அவள். அங்கே இயந்திரங்கள் போடும் கூச்சலில் வாயைத் திறந்து பிரயோஜனமில்லை. மேற்பார்வையாளர் அலுவலகத்துக்குள் போனதும், முதலில் பார்த்தவள் பலகைத் தரையை மிதிப்பாள். இரண்டு மெதுவாக, இரண்டு வேகமாக. அது காதில் விழாது, உள்ளங்காலில் ஏறும். மற்றவர்கள் அதே மாதிரி பதிலுக்கு மிதித்துவிட்டு, ஈரக்கையைத் துடைத்துக்கொண்டு டீக்குப் போவார்கள். ஒரே ஒரு சட்டம்தான்: யார் மிதித்தாளோ அவள்தான் எல்லாருக்கும் டீ போடவேண்டும்.

அன்றைக்கு நாடக அரங்கில் அவள் மிதித்ததும், உச்சிப் படிக்கட்டு வரிசையில் மலிவு டிக்கெட்டில் உட்கார்ந்து வேர்க்கடலை தின்றுகொண்டிருந்தவர்கள் என்ன நினைத்தார்களோ, பதிலுக்கு மிதித்தார்கள். மறுநாளும் மிதித்தார்கள். மாதம் முடிவதற்குள் அது ஒரு சடங்காகிவிட்டது. முதலில் உச்சி வரிசை, அடுத்து மாடி, கடைசியில் கீழே ரோமக்கோட்டுச் சீமாட்டிகள், குதிகால் நுனியால், போனால் போகிறதென்று. மூன்று பதிலுக்கும் சேர்த்து ஒன்பது விநாடி. அதுவரை வாத்தியக்காரர்கள் கையைக் கட்டிக்கொண்டு நிற்பார்கள்.

படத்துக்காகப் பாட்டைப் பதிவு செய்தபோது கண்ணாடி அறைக்குள் ஜனங்கள் யாரும் இல்லை. நோரீனும் வாத்தியக்காரர்கள் ஐந்து பேரும்தான். அவள் மிதித்தாள், அவர்கள் நிறுத்தினார்கள், ஒன்பது விநாடி கழித்து ஆறு பேரும் ஒன்றாகத் தொடங்கினார்கள். ஆறு பேர் காதிலும் பதில் கேட்டது. ஒலிநாடாவுக்கு மட்டும் கேட்கவில்லை.

"சரி, மறுபடி பதிவு பண்ணலாம்," என்றார் பார்ஜிட்டர்.

"வாத்தியக்காரங்க எல்லாரும் ஹாம்பர்க் போயிட்டாங்க சார்," என்றார் சிரில். "மாசக் கடைசிக்குத்தான் வருவாங்க. இந்த செட்டை வெள்ளிக்கிழமை பிரிக்கறாங்க."

"அந்த ஒன்பது விநாடியை வெட்டி எறி."

சிரில் சவரக்கத்தித் தகடால் நாடாவை வெட்டி ஒட்டிப் போட்டுக் காட்டினார். பாட்டு மாடிப்படியில் கால் தவறி விழுந்த மாதிரி இருந்தது. தோழிகளைக் கூப்பிட்டவள் அவர்கள் வருகிறார்களா என்று ஒரு நொடிகூடப் பார்க்காமல் மேலே பாடிக்கொண்டு போனாள். கேட்டவர்கள் முகம் சுளித்தார்கள்.

"மிதிக்கிற சத்தத்தை உள்ளே சேர்த்துட்டா?" என்று நோரீன் கேட்டாள்.

"கதைப்படி நீ தனியா நிக்கற. யாரு மிதிக்கறது, பேயா?" பார்ஜிட்டர் கண்ணாடியைக் கழற்றி மூக்கைத் தேய்த்தார். கெட்ட மனிதர் இல்லை, தலைக்குமேல் வேலை. "நோரீன், அந்த ஒன்பது விநாடியை உன் முகம் தாங்குதான்னு நாளைக்கு மத்தியானம்வரை பாக்கறேன். சரியா வரலைன்னா இந்தப் பாட்டைத் தூக்கிடறேன். எனக்கும் வேற வழி இல்லம்மா."

பாட்டைத் தூக்கிவிட்டால் அந்தப் படத்தில் நோரீன் என்ன செய்வாள்? கூடையைத் தூக்கிக்கொண்டு இரண்டு தடவை குறுக்கே போவாள். ஒரு தடவை முதுகுதான் தெரியும். அதுகூடப் பரவாயில்லை. லண்டன் பக்கமே தலைவைக்காத அம்மா, "உன் கூத்தைப் பாக்க அவ்வளவு தூரம் யாரு வருவா, படமா வந்தா பாத்துக்கறேன்," என்று இரண்டு வருஷமாகச் சொல்லிவந்த அம்மா, ஸ்னோடிராப்பில் அத்தனை பெண்களிடமும் 'என் மக சினிமாவுல பாடறா' என்று சொல்லிவைத்திருந்தாள்.

புதன்கிழமை காலை எட்டு தடவை எடுத்தார்கள். எட்டும் வீண். உதடு சரியாகத்தான் அசைந்தது. அந்த ஒன்பது விநாடிதான் அவளைக் கொன்றது. மேடையில் முகத்தை என்ன செய்வதென்று அவள் யோசித்ததே இல்லை, ஜனங்கள் பார்த்துக்கொண்டார்கள். இங்கே காமிரா மூக்குக்கு ஒரு முழம் தள்ளி நின்று முறைத்தது. மூன்றாம் தடவை அசடு வழிந்தாள். ஆறாம் தடவை பல்வலிக்காரி மாதிரி இருந்தாள். பார்ஜிட்டரே அப்படித்தான் சொன்னார்.

"கடைசித் தடவை," என்றார் அவர். "அப்புறம் சாப்பாடு."

பாட்டு ஓடியது. நோரீன் வாயசைத்தாள். மிதித்தாள். ஒலிபெருக்கி அடங்கியது.

மேலே, விளக்குகள் தொங்கும் பரண் பலகையில், மின் பணியாளர்கள் எட்டு பேர் இரண்டு நாளாக இந்தக் கூத்தைப் பார்த்துக்கொண்டு இருந்தார்கள். பாட்டை நாற்பது தடவையாவது கேட்டிருப்பார்கள். அவர்களுடைய தலைவர் வில்ஃப், அறுபது வயது, தொந்தி பெருத்தவர். எட்டு பேரும் பூட்ஸ் போட்டவர்கள்.

தொம், தொம், தொம்தொம்.

பரண் ஆடியது. பத்து வருஷத்துத் தூசி பொலபொலவென்று விளக்கு வெளிச்சத்தில் இறங்கியது. நோரீன் நிமிர்ந்து பார்த்தாள். உச்சி வரிசை இருக்கவேண்டிய அதே உயரத்தில்தான் சத்தம் வந்தது. அவள் முகம் மலர்ந்தது, உதடு நடுங்கியது, கண்ணில் நீர் கோத்துக்கொண்டது. இரண்டாம் முறையும் மிதித்தார்கள். மூன்றாம் முறைக்குச் சிரித்தேவிட்டாள். பாட்டு திரும்ப வந்தபோது ஒரு எழுத்து பிசகாமல் அதைப் பிடித்துக்கொண்டு கடைசிவரை போனாள்.

"கட்." பார்ஜிட்டர் மெதுவாக அண்ணாந்தார். "யாரது மேலே?"

பரணில் எட்டு தலைகள் விளக்குகளுக்குப் பின்னால் மறைந்தன.

"நான்தான் சார்," என்றார் வில்ஃப் கடைசியில். "கால் மரத்துப்போச்சு."

"எட்டு பேருக்குமா?"

"ஒரே பலகை பாருங்க."

"படப்பிடிப்புல சத்தம் போட்டா என்ன ஆகும்னு தெரியுமில்ல?"

"ஒண்ணும் ஆகாது சார்," என்று சிரில் குறுக்கிட்டார். "இது வாயசைப்பு ஷாட். சத்தமே பதியல. படம் மட்டும்தான்."

பார்ஜிட்டர் கொஞ்ச நேரம் தலையைச் சொறிந்தார். பிறகு, "நோரீன், நீ ஏதோ கேட்ட மாதிரி முகத்தை வச்சிருந்தியே, அது நல்லா இருந்தது," என்றார். "இதையே வச்சுக்கலாம். எல்லாரும் சாப்பிடப் போங்க."

நோரீன் பரணைப் பார்த்து இரண்டு கையாலும் முத்தம் வீசினாள். "சாப்பிடு போ கண்ணு," என்றார் வில்ஃப். "நீ அழுதா எங்களுக்குப் பசி எடுக்காது."

இத்தோடு கதை முடிந்திருந்தால் நன்றாகத்தான் இருந்திருக்கும். ஆனால் படம் எடுப்பவர் ஒருவர், அதை ஊர் ஊராக ஓட்டுபவர் இன்னொருவர். அந்த இன்னொருவர் மிஸ்டர் கில்பர்ட் வாஸ். ஐந்து மாதம் கழித்து, காலை பதினொரு மணிக்கு, லண்டன் சோஹோவில் பதினாலு நாற்காலி போட்ட சின்ன அறையில் அவருக்குப் படத்தைப் போட்டுக் காட்டினார்கள். நோரீனை யாரும் கூப்பிடவில்லை. சிரில் படப்பெட்டிகளைத் தூக்கிவந்தபோது அவளும் ஒரு பெட்டியைத் தூக்கிக்கொண்டு உள்ளே வந்து பின்னால் உட்கார்ந்துகொண்டாள்.

அந்த இடம் வந்தது. திரையில் அவள் மிதித்தாள், அண்ணாந்தாள், சிரித்தாள். அறையில் நிசப்தம். இரண்டாவது விநாடியில் ஒருவர் இருமினார். நான்காவது விநாடியில் வாஸ் திரும்பி, "ஏம்ப்பா, சத்தம் போயிடுச்சு பாரு," என்று ஆபரேட்டரிடம் சொன்னார். நோரீனுக்கு நாற்காலிக்கு அடியில் புகுந்துகொள்ளலாம் போலிருந்தது.

விளக்கு போட்டதும் வாஸ் சொன்னார், "படம் அருமை. அந்தப் பாட்டு மட்டும் வேண்டாம். ஜனங்க மெஷின் ரிப்பேர்னு நினைச்சுக் காசைத் திருப்பிக் கேப்பாங்க."

பார்ஜிட்டர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அதற்குள் பின்னால் நாற்காலி சரிந்தது.

"ஒரு ஊர்ல போட்டுப் பாத்துட்டு வெட்டுங்க சார்," என்றாள் நோரீன். "வெளியூர்ல ஒரு தடவை போட்டுப் பாக்கறது வழக்கம்தானே."

வாஸ் அவளையும் திரையையும் மாறி மாறிப் பார்த்தார். "ஓ, நீங்கதானா அது. எந்த ஊர்ல போடச் சொல்றீங்க?"

"ஹல்."

"ஹல்லா? அங்க மீனைத் தவிர வேற என்ன இருக்கு?"

"மழை இருக்கு சார். ஒதுங்கவாவது உள்ள வருவாங்க."

வாஸ் சிரித்துவிட்டார். "உங்க சொந்த ஊரா?" என்று கேட்டார். அவள் தலையாட்டினாள். "சரி, போட்டுப் பாக்கலாம். நானே வரேன். ஆனா ஒண்ணு. உங்க ஆளுங்ககிட்ட முன்னாடியே சொல்லிவச்சு, கைதட்டு, கூத்தடின்னு ஏற்பாடு பண்ணினீங்கன்னா எனக்கு மூக்குல வேர்த்துடும். முப்பது வருஷமா பாத்துக்கிட்டு இருக்கேன்."

"ஒரு வார்த்தை சொல்ல மாட்டேன்," என்றாள் நோரீன்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அம்மாவுக்குப் போன் செய்தாள். வீட்டில் போன் கிடையாது. எதிர் மீன்கடைக்குத்தான் செய்யவேண்டும்.

"சீக்கிரம் சொல்லுடி," என்றாள் ஈடி. "கடைக்காரன் முறைக்கறான்."

"வியாழக்கிழமை அங்க படம் போடறாங்கம்மா. மத்தியானம் ரெண்டு மணிக்கு."

"வியாழன்னா எங்களுக்கு அரைநாள் லீவுதான். எல்லாரையும் கூட்டிட்டு வரேன். நீ பாடறதானே? முதுகை மட்டும் காட்டிட்டுப் போக மாட்டியே?"

"பாடறேம்மா."

"என்ன பாட்டு?"

நோரீன் நாக்கைக் கடித்துக்கொண்டாள். "வந்து பாரு. வேலையெல்லாம் எப்படிப் போகுது?"

"எங்க வேலைக்கு என்ன கேடு. புது மெஷின் வந்து ஒரு வருஷம் ஆச்சு, பூனை மாதிரி ஓடுது. பேசினா காது கேக்குதுடி, யாரையும் திட்ட முடியல. டீக்குக்கூட இப்ப மணி அடிக்கறாங்க."

நோரீன் ரிசீவரைக் காதோடு அழுத்திக்கொண்டாள். "மணியா?"

"ஆமா, பள்ளிக்கூடம் மாதிரி. ஏன், உனக்கு என்ன?"

"ஒண்ணுமில்லம்மா," என்று சொல்லிப் போனை வைத்தாள். அந்த நான்கு நாளில், சொல்லிவிடலாமா என்று மூன்று தடவை போனைக் கையில் எடுத்தாள், மூன்று தடவையும் வைத்துவிட்டாள். கொடுத்த வாக்கு கொடுத்ததுதான்.

வியாழக்கிழமை ஹல்லில் மழை பிடித்துக்கொண்டது. ஹெஸ்ல் சாலைத் திரையரங்கு பழைய கட்டடம், பலகைத் தரை, நனைந்த கோட்டு வாசம். ஸ்னோடிராப் பெண்கள் நாற்பத்துமூன்று பேரும் தலையில் துணி கட்டி, மடியில் சுடச்சுட 'பேட்டி' என்னும் உருளைக்கிழங்கு வடையும் சிப்ஸும் வைத்துக்கொண்டு நடு வரிசைகளை அடைத்துவிட்டார்கள். அவர்களைச் சுற்றி மழைக்கு ஒதுங்கியவர்களும் பள்ளிக்கு மட்டம் போட்டவர்களுமாக இருநூறு பேர் இருப்பார்கள். ஈடி ஓரத்து இருக்கையில், கைப்பையை மார்போடு அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நோரீன் கடைசி வரிசையில் வாஸுக்குப் பக்கத்தில். வாஸ் தொப்பியை முழங்கால்மேல் வைத்துக்கொண்டு, கையில் கடிகாரத்தைப் பிடித்திருந்தார்.

படம் ஆரம்பித்ததிலிருந்தே நடு வரிசையில் பேச்சு ஓயவில்லை. "அந்தக் கஞ்சியைப் பாரு, அவ்வளவு கெட்டியா போட்டா காலர் உடைஞ்சுடும்." "விரிப்பை மடிக்கிற லட்சணத்தைப் பாரு, இவளை நான்னா முதல் நாளே வீட்டுக்கு அனுப்பியிருப்பேன்." வாஸின் புருவம் ஏறி இறங்கியது. ராக் இசையில் சலவைத்தொட்டிகள் அதிர்ந்தன. பெண்கள் சிப்ஸை மறந்தார்கள்.

பிறகு தோழிகள் எல்லாரும் போய்விட, நோரீன் கொப்பரைக்குப் பக்கத்தில் தனியாக வந்து நின்றாள். "ஏய், ஈடி மக," என்று யாரோ சொன்னார்கள். "சும்மா இருங்கடி," என்றாள் ஈடி. பாட்டு ஏறியது. கடைசி வரிசையில் நோரீன் இரண்டு கையாலும் இருக்கையைப் பிடித்துக்கொண்டாள்.

திரையில் அவள் மிதித்தாள். தொம், தொம், தொம்தொம்.

சத்தம் நின்றது. ஒரு விநாடி. இரண்டு. கூரையில் மழை கேட்டது. மூன்று. வாஸ் கடிகாரத்தைப் பார்த்தார். நான்கு. போச்சு, எல்லாம் போச்சு என்று நோரீன் கண்ணை மூடிக்கொண்டாள்.

"என்னடி கல்லு மாதிரி உட்கார்ந்திருக்கீங்க?" ஈடியின் குரல் அரங்கு முழுக்கக் கேட்டது. "பிள்ளை டீக்குக் கூப்பிடறா. யாராச்சும் பதில் சொல்லுங்கடி, பாவம், எவ்வளவு நேரம்தான் நிப்பா."

சொல்லிவிட்டு அவளே முதலில் மிதித்தாள். அடுத்த நொடி நாற்பத்துமூன்று பெண்கள், முப்பது வருஷம் ஈரத்தரையில் நின்ற எண்பத்தாறு கால்கள், ஒன்றாக இறங்கின. தொம், தொம், தொம்தொம். திரையில் நோரீன் அண்ணாந்து, அது காதில் விழுந்தவள் மாதிரியே சிரித்தாள். மழைக்கு ஒதுங்கியவர்கள் மிதித்தார்கள். மட்டம் போட்ட பிள்ளைகள் இருக்கைமேல் ஏறி நின்று மிதித்தார்கள். ஒன்பது விநாடி எப்போதோ முடிந்து பாட்டு திரும்ப வந்துவிட்டது; யாரும் நிறுத்துவதாக இல்லை. கூரையிலிருந்து காரை உதிர்ந்து வாஸின் தொப்பிமேல் விழுந்தது.

நோரீன் கடைசி வரிசையில் குலுங்கிக் குலுங்கி அழுதாள். அவள் வாழ்க்கையில் அவ்வளவு சந்தோஷமாக அழுததே இல்லை.

"நீங்க சொல்லிவைக்கலையே?" என்று வாஸ் அவள் காதில் கத்தினார்.

"ஒரு வார்த்தைகூட."

வாஸ் தொப்பியைத் தட்டினார். கடிகாரத்தைப் பையில் போட்டுக்கொண்டார். "அந்த மிதிக்கு அப்புறம் ரெண்டு விநாடி கூடச் சேர்க்க முடியுமான்னு லயனலைக் கேக்கணும்," என்றார்.

படம் முடிந்து முன்கூடத்துக்கு வந்தபோது பெண்கள் நோரீனைச் சூழ்ந்துகொண்டார்கள். ஆளாளுக்குக் கன்னத்தைக் கிள்ளினார்கள். ஈடி மட்டும் தள்ளி நின்று தலைத்துணியைச் சரிசெய்துகொண்டிருந்தாள். நோரீன் போய் எதிரில் நின்றாள்.

"எப்படிம்மா இருந்துச்சு?"

ஈடி மூக்கை உறிஞ்சினாள். கண் சிவந்திருந்தது. "இத்தனை வருஷமா லண்டன்ல எங்க டீ மிதியையா மிதிச்சுக்கிட்டு இருந்த?"

"ஆமாம்மா."

"தெரிஞ்சிருந்தா முன்னாடியே வந்திருப்பேனேடி." கைப்பையைத் திறந்து கைக்குட்டையைத் தேடினாள், கிடைக்கவில்லை, முழங்கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். பிறகு நிமிர்ந்து பார்த்தாள். "சரி, அழுதது போதும். மிதிச்சது யாரு?"

"நான்தான்."

"அப்ப என்ன நின்னுக்கிட்டு இருக்க? நாங்க நாற்பத்துமூணு பேர் வந்துட்டோம்."

நோரீன் கோட்டைக் கழற்றி, சட்டைக் கையை மடித்துவிட்டு, சிற்றுண்டிக் கடைக்குப் பின்னால் போய்ப் பெரிய கெட்டிலை அடுப்பில் ஏற்றினாள். கோப்பைகள் பத்தாமல் கழுவிக் கழுவி ஊற்றவேண்டியிருந்தது. மிஸ்டர் வாஸும் தொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்து நேராகக் கை நீட்டினார்.

"வரிசையில வாங்க," என்றாள் ஈடி. "நீங்க எங்க மிதிச்சீங்க?"